மறுபடி எழுதப்பட்ட மனிதர்கள்

(நூலக வாசகர் வட்டக் கூட்டத்தில் ஆற்றிய சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



கற்பனை, உண்மை, மனித இயல்பு ஆகிய மூன்றையும் பேசும் நூல்களைப் பற்றிச் சொல்லும்படி என்னைக் கேட்டுக்கொண்டீர்கள். மூன்றும் பெரிய சொற்கள். அவற்றைப் பொதுவாகப் பேசிக்கொண்டே போனால் நேரம் போய்விடும், கையில் ஒன்றும் மிஞ்சாது. அதனால் மூன்று நாவல்களை மட்டும் எடுத்துக்கொண்டு வந்திருக்கிறேன். ஸ்பெயின் நாட்டு செர்வாண்டிஸ் எழுதிய 'டான் குவிக்ஸாட்', ருஷ்யாவின் டால்ஸ்டாய் எழுதிய 'அன்னா கரேனினா', நம் ஜெயகாந்தனின் 'சில நேரங்களில் சில மனிதர்கள்'.

காலத்தாலும் நாட்டாலும் தூரமான இந்த மூன்றையும் ஏன் ஒன்றாகக் கட்டுகிறேன்? மூன்றிலும் ஒரே காரியம் நடந்திருக்கிறது. ஆசிரியர் தாமே படைத்த ஒரு மனிதரை மறுபடி திரும்பிப் பார்த்திருக்கிறார். முதல் பார்வையில் அந்த மனிதர் ஒரு மாதிரி இருந்தார். மறுபார்வையில் வேறு மாதிரி ஆகிவிட்டார். படைத்தவருக்கே அது புதிதாக இருந்தது.

"கதைதானே, பொய்தானே, அதில் என்ன உண்மை?" என்ற கேள்வியைப் புத்தகம் படிக்கிற ஒவ்வொருவரும் வீட்டில் கேட்டிருப்பீர்கள். அதற்கு நான் சொல்லும் விடை இது: நாம் முதலில் கற்பனை செய்வது பெரும்பாலும் நம் விருப்பத்தை, அல்லது நம் வெறுப்பை. அந்தக் கற்பனையை நாமே மறுபடி விசாரிக்கும்போதுதான் உண்மை தட்டுப்படுகிறது. பெரிய நாவல்கள் அந்த விசாரணையின் பதிவுகள். இன்றைய என் பேச்சு முழுவதும் இந்த ஒரு கருத்துக்குத்தான்.

செர்வாண்டிஸிலிருந்து தொடங்குகிறேன். 1547இல் பிறந்தவர். 1571இல் லெபாண்டோ கடற்போரில் காயம்பட்டு இடது கை பயனற்றுப் போயிற்று. 1575இல் தாய்நாட்டுக்குக் கப்பலில் திரும்பும் வழியில் கடற்கொள்ளையரிடம் அகப்பட்டு, அல்ஜியர்ஸ் நகரில் ஐந்தாண்டுகள் அடிமையாக இருந்தார். நான்கு முறை தப்பிக்க முயன்று பிடிபட்டார். 1580இல் மீட்புப் பணம் கொடுத்து விடுவித்தார்கள். அதற்குப் பிறகு அரசுக்குத் தானியமும் எண்ணெயும் கொள்முதல் செய்யும் வேலை, வரி வசூல், கணக்குத் தகராறு, செவில் நகரச் சிறை என்று வாழ்க்கை ஓடியது. வீரம் என்ற சொல்லுக்கு என்ன விலை என்று தன் உடம்பால் அறிந்த மனிதர் அவர்.

1605இல் 'டான் குவிக்ஸாட்' முதல் பாகம் வெளிவந்தபோது அவருக்கு 57 வயது கடந்துவிட்டது. வீரசாகசக் கதைகளைப் படித்துப் படித்து மதி மயங்கிய ஒரு கிராமத்துக் கனவான், தானும் ஒரு மாவீரன் என்று நம்பிக் கிளம்புகிறார். காற்றாலைகளை அரக்கர்களாகப் பார்க்கிறார், விடுதியைக் கோட்டையாகப் பார்க்கிறார், போகிற இடமெல்லாம் அடி வாங்குகிறார். அந்தக் காலத்தில் வந்துகொண்டிருந்த போலி வீரக் கதைகளைக் கேலி செய்து ஒழிப்பதே தன் நோக்கம் என்று ஆசிரியரே நூலில் சொல்கிறார். ஊர் சிரித்தது. புத்தகம் பல பதிப்புகள் ஓடியது.

பத்து ஆண்டுகள் கழித்து, 1615இல் இரண்டாம் பாகம் வருகிறது. அதற்கு முந்தைய ஆண்டே அவெய்யநேடா என்ற புனைபெயரில் ஒருவர் ஒரு போலி இரண்டாம் பாகத்தை வெளியிட்டுவிட்டார். அதில் வரும் குவிக்ஸாட் வெறும் கோமாளி. செர்வாண்டிஸ் அதற்கு எப்படிப் பதில் சொன்னார் என்பது இலக்கிய வரலாற்றிலேயே அபூர்வமான நிகழ்ச்சி. தன் இரண்டாம் பாகத்தில் வரும் மனிதர்களை அவர் ஏற்கெனவே முதல் பாகத்தைப் படித்தவர்களாக எழுதியிருந்தார். போலிப் புத்தகத்தில் குவிக்ஸாட் சரகோசா நகருக்குப் போவதாகக் கேள்விப்பட்டதும், அந்தப் புத்தகம் பொய்யாகட்டும் என்று உண்மையான குவிக்ஸாட் வழியை மாற்றிக்கொண்டு பார்சிலோனாவுக்குப் போகிறார். அது மட்டுமல்ல. போலிப் புத்தகத்தில் வந்த ஒரு பாத்திரத்தையே செர்வாண்டிஸ் தன் நூலுக்குள் வரவழைத்து, நான் முன்பு பார்த்தவர் இவரல்லர், இவரே அசல் என்று ஊர் அதிகாரி முன்னிலையில் எழுத்துமூலம் சாட்சி சொல்ல வைக்கிறார். கற்பனைப் பாத்திரம் ஒன்று தன் உண்மைக்காக வழக்காடுகிறது.

ஆனால் அதைவிட முக்கியமான மாற்றம் அந்த மனிதருக்குள் நடக்கிறது. முதல் பாகத்தில் சாதாரணப் பொருள்களை அற்புதங்களாகப் பார்த்தவர், இரண்டாம் பாகத்தில் உள்ளதை உள்ளபடி பார்க்கத் தொடங்குகிறார். கழுதைகள் மேல் வரும் மூன்று கிராமத்துப் பெண்களைக் காட்டி, அதோ உங்கள் இளவரசி துல்சினேயா வருகிறாள் என்று உதவியாளன் சாஞ்சோ பொய் சொல்கிறான். குவிக்ஸாட்டின் கண்ணுக்குத் தெரிவது மூன்று கிராமத்துப் பெண்கள்தான். இப்போது பொய்யைக் கட்டுகிறவர்கள் அவரைச் சுற்றியிருக்கும் தெளிந்த புத்திக்காரர்கள். முதல் பாகத்தைப் படித்து ரசித்த ஒரு பிரபுவும் அவர் மனைவியும் இவரைத் தங்கள் மாளிகைக்கு அழைத்து, வாரக்கணக்கில் நாடகமாடி, அவரைப் பொம்மையாக்கிச் சிரிக்கிறார்கள். ஒரு கிழவரை ஏமாற்ற இவ்வளவு பாடுபடுகிறவர்களும் பைத்தியத்துக்கு மிக அருகில் நிற்பவர்களே என்று நூல் வெளிப்படையாகவே சொல்கிறது.

இந்த இடத்தில் வாசகர் யோசிக்காமல் இருக்க முடியாது. அந்தப் பிரபுவும் பிரபு மனைவியும் யார்? முதல் பாகத்தைப் படித்துவிட்டு அடிபட்ட கிழவரைப் பார்த்துச் சிரித்த நாம்தான். செர்வாண்டிஸ் நம் சிரிப்பை நமக்கே காட்டுகிறார். தன் சிரிப்பையும் சேர்த்தே விசாரிக்கிறார். எழுத்தறிவில்லாத சாஞ்சோவை விளையாட்டாக ஓர் ஊருக்கு ஆளுநராக்குகிறார்கள். அவன் அங்கே நியாயமான தீர்ப்புகளைச் சொல்கிறான். பதவி தனக்கு ஒத்துவராது என்று தெரிந்ததும் தானே விட்டுவிட்டுத் தன் கழுதையிடம் திரும்புகிறான். கேலிக்காகப் படைக்கப்பட்ட இருவரும், கேலி செய்தவர்களைவிட உயர்ந்து நிற்கிறார்கள். செர்வாண்டிஸ் முதலிலேயே இதைத் திட்டமிட்டிருந்தால் முதல் பாகம் அப்படி இருந்திருக்காது. பத்தாண்டுகள் கூடவே வாழ்ந்த பிறகு அந்தக் கிழவர்மேல் அவருக்கு மரியாதை வந்துவிட்டது.

அடுத்து டால்ஸ்டாய். 1872 ஜனவரியில் அவருடைய பண்ணைக்கு அருகிலிருந்த யாசென்கி ரயில் நிலையத்தில் அன்னா பிரகோவா என்ற பெண் சரக்கு ரயில் முன் விழுந்து இறந்தாள். பக்கத்து நிலக்கிழாரோடு வாழ்ந்தவள், அவரால் கைவிடப்பட்டவள். டால்ஸ்டாய் போய் அவள் உடலைப் பார்த்தார். அடுத்த ஆண்டு நாவலைத் தொடங்கினார்.

அவருடைய ஆரம்பகாலப் பிரதிகள் இன்றும் கிடைக்கின்றன. அவற்றில் வரும் கதாநாயகிக்கு அன்னா என்ற பெயர்கூட இல்லை. அழகும் இல்லை, நாகரிகமும் இல்லை. கணவனை விட்டுப்போன பெண் என்ற குற்றத்தோடு அவளை நிறுத்துகிறார். கணவனோ இரக்கமும் நல்ல குணமும் உடையவன். சுருக்கமாகச் சொன்னால், தீர்ப்பை எழுதி வைத்துக்கொண்டு வழக்கை நடத்தியிருக்கிறார்.

பிறகு திருத்தினார். திருத்தத் திருத்த அந்தப் பெண் மாறினாள். அறிவும் ஈரமும் உயிர்த்துடிப்பும் உள்ள அன்னாவாக எழுந்து நின்றாள். கணவன் கரேனின் விதிமுறைகளுக்குள் ஒளிந்துகொள்ளும் உயர் அதிகாரியானான். அவனையாவது வில்லனாக்கினாரா என்றால் அதுவும் இல்லை. பிரசவத்துக்குப் பின் காய்ச்சலில் அன்னா சாகக் கிடக்கும்போது, அந்த மனிதன் அழுகிறான், மனைவியை மன்னிக்கிறான், அவள் காதலன் விரோன்ஸ்கியையும் மன்னிக்கிறான், தனக்குப் பிறக்காத பெண் குழந்தையிடம் பாசம் கொள்கிறான். வாசகர் அதுவரை கரேனினைப் பற்றிக் கட்டிவைத்திருந்த எண்ணம் இரண்டு மூன்று பக்கங்களில் சரிந்துவிடுகிறது.

அந்தக் கட்டத்தைப் பற்றி டால்ஸ்டாய் 1876இல் விமர்சகர் ஸ்த்ராகவ் என்ற நண்பருக்கு எழுதிய கடிதத்தில் ஒரு விஷயம் சொல்கிறார். கணவனைச் சந்தித்த பிறகு விரோன்ஸ்கியின் நிலையைக் காட்டும் அத்தியாயம் எப்போதோ எழுதி முடிந்துவிட்டது. அதைத் திருத்த உட்கார்ந்தபோது, தான் சற்றும் எதிர்பாராத விதமாக, ஆனால் துளியும் சந்தேகமில்லாமல், விரோன்ஸ்கி தன்னைத் தானே சுட்டுக்கொள்ளத் தொடங்கிவிட்டான் என்கிறார். எழுதியவருக்கே தெரியாத செய்தி அது. மன்னிக்கப்பட்ட அவமானத்தை ஒரு கர்வமான ராணுவ அதிகாரியால் தாங்க முடியாது என்ற மனித இயல்பு, டால்ஸ்டாயின் திட்டத்தில் இல்லை. அவர் மறுபடி அந்த அறைக்குள் போய் அந்த மனிதனோடு உட்கார்ந்தபோது அது கிடைத்தது.

நாவலின் முகப்பில் பழிவாங்கும் உரிமை கடவுளுக்கே என்ற பொருளில் ஒரு பைபிள் வாசகத்தை வைத்திருக்கிறார். தவறு செய்தவள் தண்டனை பெறுவாள் என்ற எச்சரிக்கையாக அதைப் படிப்பவர்கள் உண்டு. நாவலை முழுதும் படித்து முடித்த எனக்கு அது வேறு விதமாகப் படுகிறது. தண்டிப்பது மனிதர் வேலை இல்லை, அவளைப் பார்த்து முகம் திருப்பிய உயர்குடியினரின் வேலையும் இல்லை என்றே நான் அதை வாசிக்கிறேன். அவளைக் குற்றவாளிக் கூண்டில் நிறுத்த வந்த ஆசிரியர், அந்தக் கூண்டையே அகற்றிவிட்டார்.

இப்போது நம் மண்ணுக்கு வருவோம். இதைச் சற்று விரிவாகவே பேச விரும்புகிறேன், ஏனென்றால் இதில் வாசகர்களுக்கும் பங்குண்டு.

1966இல் 'ஆனந்த விகடன்' இதழில் ஜெயகாந்தனின் 'அக்னிப் பிரவேசம்' சிறுகதை வெளிவந்தது. மழை பெய்யும் ஒரு மாலை. பஸ் ஸ்டாப்பில் கல்லூரி மாணவி ஒருத்தி. ஒரு பெரிய கார் வந்து நிற்கிறது. உலகம் தெரியாத பெண், ஏறிக்கொள்கிறாள். வீடு திரும்பும்போது அவள் வாழ்க்கையே மாறிவிட்டது. நடந்ததைத் தாயிடம் சொல்கிறாள். தாய் முதலில் பதறுகிறாள், அலறுகிறாள், அடிக்கிறாள். குடித்தனக்காரர்கள் என்ன சத்தம் என்று கேட்கிறார்கள். அங்கேதான் அந்தத் தாய் தன்னைப் பிடித்து நிறுத்துகிறாள். மழையில் நனைந்துவிட்டு வந்திருக்கிறாள், அதுதான் திட்டுகிறேன் என்று சொல்லி மறைத்துவிடுகிறாள். பிறகு மகளை உட்கார வைத்துத் தலையில் தண்ணீரைக் கொட்டி, உன் மேல் எந்தக் களங்கமும் இல்லை என்று தேற்றுகிறாள்.

இந்தக் கதைக்கு எழுந்த எதிர்ப்பு உங்களில் மூத்தவர்களுக்கு நினைவிருக்கும். ஒரு தாய் இப்படிச் செய்யலாமா, கற்பு என்பது தண்ணீரில் கழுவிவிடக்கூடியதா என்றெல்லாம் கேட்டார்கள். சீதை தீயில் இறங்கிய நிகழ்ச்சியின் பெயரைத் தாங்கிய கதையில் ஒரு தாய் தீயை மறுத்துவிட்டது பலருக்குப் பொறுக்கவில்லை. அதற்கு இருபது ஆண்டுகளுக்கு முன்பே, 1940களில், புதுமைப்பித்தன் 'சாப விமோசனம்' கதையில் அகலிகையைக் கொண்டே அந்தத் தீயைப் பற்றிக் கேள்வி கேட்டிருந்தார். சீதை தீக்குளிக்க வைக்கப்பட்டதைக் கேட்ட அகலிகை, அந்தக் கதையில் மறுபடி கல்லாகிவிடுகிறாள். ஆக, ஜெயகாந்தன் எழுப்பியது தமிழுக்குப் புதிய கேள்வி அன்று. அவர் அதை ஒண்டுக் குடித்தன வீட்டு முற்றத்துக்குக் கொண்டு வந்தார். அதனால்தான் சுட்டது.

எதிர்ப்புக்குப் பதிலாக அவர் ஒரு கட்டுரை எழுதி வாதாடியிருக்கலாம். தன் கதையே சரி என்று மேடையில் முழங்கியிருக்கலாம்; அந்தக் குரல் அவருக்கு இருந்தது. அவர் வேறொன்றையும் செய்தார். அந்தத் தாய் அப்படிச் செய்யாமல் போயிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று தன்னையே கேட்டுக்கொண்டு ஒரு நாவல் எழுதினார். 1970இல் நூலாக வந்த அந்த நாவல்தான் 'சில நேரங்களில் சில மனிதர்கள்'. 1972இல் சாகித்திய அகாதெமி விருது பெற்றது. 1977இல் பீம்சிங் இயக்கத்தில் படமாகி, நடிகை லட்சுமிக்குத் தேசிய விருது பெற்றுத் தந்தது.

சிறுகதையில் பெயர்கூட இல்லாத பெண், நாவலில் கங்கா. அந்த மழைநாள் இரவில் தாயின் அலறல் அடங்கவில்லை. ஊருக்குத் தெரிந்துவிட்டது. அண்ணன் வீட்டை விட்டுத் துரத்துகிறான். வெங்கு மாமா ஆதரவு கொடுத்துப் படிக்க வைக்கிறார். அதே மாமாவின் கண்ணில் ஆசையும் இருக்கிறது. பன்னிரண்டு ஆண்டுகள் கழித்து, நல்ல வேலையில் இருக்கும் கங்கா ஒரு பத்திரிகையில் ஒரு கதையைப் படிக்கிறாள். அது அவளுடைய கதை. முடிவு மட்டும் வேறு. அந்தக் கதையின் பெயர் 'அக்னிப் பிரவேசம்', எழுதியவர் ஆர்.கே.வி.

ஜெயகாந்தன் தன் சிறுகதையைத் தன் நாவலுக்குள் ஒரு பொருளாக வைத்துவிட்டார். செர்வாண்டிஸ் தன் முதல் பாகத்தை இரண்டாம் பாகத்துக்குள் வைத்தது போன்ற காரியம்தான் இது. ஆனால் இங்கே வலி அதிகம். கங்கா அந்தக் கதையைத் தன் தாய்க்குக் காட்டுகிறாள். தாய் படிக்கிறாள். நான் செய்திருக்கக்கூடியது இது, செய்யாமல் போனேனே என்று அந்தத் தாய் உடைந்துபோகிறாள். பன்னிரண்டு ஆண்டுகளாக விதி என்று நினைத்துக்கொண்டிருந்தது விதியில்லை, அந்த ஒரு நிமிடத்தில் தன் கையில் இருந்தது என்று ஒரு கற்பனைக் கதை அவளுக்குச் சொல்லிவிட்டது.

சிறுகதை பொய், நாவல் உண்மை என்று இதை வைத்துச் சிலர் முடிவுகட்டுவார்கள். நான் அதை ஏற்கவில்லை. ஒரு தாய் தன் உச்சத்தில் எப்படி இருக்க முடியும் என்பதைச் சிறுகதை காட்டியது. பதற்றத்தை அடக்க முடியாத தாய் பெரும்பாலும் எப்படி நடந்துகொள்வாள் என்பதை நாவல் காட்டியது. இரண்டும் மனித இயல்புதான். முன்னது இல்லாமல் பின்னது குருடாகிவிடும். நாவலில் வரும் தாய்க்குத் தன் தவறு தெரிந்ததே அந்தக் கதையால்தான். பின்னது இல்லாமல் முன்னது வெறும் ஆறுதலாகிவிடும். தண்ணீர் ஊற்றப்படாத ஆயிரமாயிரம் பெண்களின் வாழ்க்கை கணக்கில் வராமலே போயிருக்கும்.

மறுபார்வை கங்காவோடு நிற்கவில்லை. சிறுகதையில் ஒரு காரும் ஓர் உருவமுமாக வந்துபோன அந்த ஆண், நாவலில் பிரபு என்ற மனிதனாகிறான். பணத்தில் வளர்ந்தவன், பலவீனமானவன், மனைவியிடமும் மகளிடமும் மதிப்பை இழந்தவன். அவன் செய்த குற்றத்தை ஜெயகாந்தன் எங்கும் கழுவிவிடவில்லை. ஆனாலும் அவன் மனிதன் என்பதை மறைக்கவும் இல்லை. கங்காவுக்கே அவனிடம் ஒரு பிடிப்பு ஏற்படுகிறது. படிக்கும் நமக்குச் சங்கடமாக இருக்கிறது. அந்தச் சங்கடத்தை நமக்குக் கொடுக்க ஆசிரியருக்குத் துணிச்சல் இருந்தது.

ஆர்.கே.வி. என்ற பாத்திரமும் அப்படித்தான். ஒரு பெண்ணின் துயரத்தை எழுதிவிட்டு நிம்மதியாகத் தூங்க எழுத்தாளனுக்கு உரிமை உண்டா என்ற கேள்வியை ஜெயகாந்தன் தன் மேலேயே போட்டுக்கொள்கிறார். சிறுகதையில் அதிகம் பேசாத பெண், நாவலில் தன் குரலில் பேசுகிறாள். அந்தக் குரல் இனிமையான குரல் அல்ல. கசப்பும் பிடிவாதமும் கோபமும் அதில் உண்டு. முடிவும் நமக்கு ஆறுதல் தருவதில்லை; அவள் குடிப்பழக்கத்தில் சரிவதைப் பார்த்துக்கொண்டு புத்தகத்தை மூட வேண்டியிருக்கிறது. பாதிக்கப்பட்டவள் என்றால் பரிசுத்தமாகவும் பணிவாகவும் இருந்தால்தான் இரக்கம் காட்டுவேன் என்கிற நம் மனத்தின் நிபந்தனையை அந்தக் குரல் உடைத்துவிடுகிறது.

நண்பர்களே, இந்த மூன்று நூல்களையும் சேர்த்துப் பார்க்கும்போது மனித இயல்பைப் பற்றி எனக்கு ஒன்று தெளிவாகிறது. நாம் எல்லோருமே கதாசிரியர்கள். பக்கத்து வீட்டுக்காரரைப் பற்றி, புது மருமகளைப் பற்றி, வேறு சாதிக்காரரைப் பற்றி, அலுவலக மேஜைக்கு அந்தப் பக்கம் இருப்பவரைப் பற்றி, ஒவ்வொரு நாளும் மனத்துக்குள் ஒரு கதை எழுதி வைத்திருக்கிறோம். அது பெரும்பாலும் முதல் பிரதி. டால்ஸ்டாயின் முதல் பிரதியே அநியாயமானது என்றால் நம்முடைய முதல் பிரதி எப்படி இருக்கும்? அதைத் திருத்தாமலே செல்போனில் நூறு பேருக்கு அனுப்பிவிடுகிறோம். ஒரு பெண்ணைப் பற்றிய வதந்தி ஒரு மாலைக்குள் ஊரைச் சுற்றி வந்துவிடுகிறது. அதன் மறுபிரதியை எழுத யாருக்கும் பொறுமை இல்லை.

நாவல் வாசிப்பு அந்தப் பொறுமையைப் பழக்குகிறது. ஒருவரைப் பற்றி நாம் எடுத்த முடிவு தவறு என்று நானூறாம் பக்கத்தில் தெரிந்துகொள்ளும் அனுபவம் வேறு எந்தக் கலையிலும் இவ்வளவு விரிவாகக் கிடைப்பதில்லை. அறிவுரை நூல்கள் தீர்ப்பைக் கையில் கொடுத்துவிடுகின்றன. செய்தித்தாள் நடந்ததைச் சொல்லிவிட்டு நகர்ந்துவிடுகிறது. நாவல் நம்மை ஒரு மனிதரோடு நெடுநாள் தங்க வைக்கிறது. தங்கிய பிறகு பழைய தீர்ப்பை வைத்துக்கொண்டிருக்க முடிவதில்லை.

எல்லாக் கதைகளும் இதைச் செய்கின்றன என்று நான் சொல்லவில்லை. நம் வெறுப்புக்குத் தீனி போடும் கதைகள் நிறைய வருகின்றன. கெட்டவர் கெட்டவராகவே தொடங்கிக் கெட்டவராகவே முடிவார். நல்லவர் நம் சாதியில், நம் கட்சியில், நம் ஊரில் பிறந்தவராக இருப்பார். அவற்றை அடையாளம் காண ஒரு வழி உண்டு. புத்தகத்தை மூடும்போது, இதில் யாரைப் பற்றியாவது என் எண்ணம் மாறியதா என்று கேட்டுப் பாருங்கள். மாறவேயில்லை என்றால் அந்த ஆசிரியர் தன் முதல் பிரதியையே உங்களுக்கு விற்றிருக்கிறார்.

இந்த வாசகர் வட்டத்துக்கு என் வேண்டுகோள் ஒன்று உண்டு. மாதம் ஒரு புதிய நூலைப் பேசுகிறீர்கள், மகிழ்ச்சி. ஆண்டுக்கு ஒரு முறையாவது ஏற்கெனவே பேசிய நூலை மறுபடி எடுத்துப் பேசுங்கள். அந்த நூலில் உங்களுக்குப் பிடிக்காமல் போன பாத்திரத்தின் பக்கம் நின்று பேச ஒவ்வொருவரும் முயலுங்கள். கரேனினுக்காக ஒருவர் பேசட்டும். கங்காவின் தாய்க்காக ஒருவர் பேசட்டும். அலறிய தாய்க்காகப் பேசப் பழகியவர், நாளைக்குத் தன் வீட்டில் அப்படியொரு நிமிடம் வந்தால் தன் அலறலைப் பிடித்து நிறுத்தக்கூடும். 1966இல் ஒரு சிறுகதை ஆசைப்பட்டது அவ்வளவுதான். அந்த ஆசை நிறைவேற எழுத்தாளர் தன் பங்கைச் செய்துவிட்டார். மிச்சம் நம் பங்கு.